கதை முடிந்த பிறகு பால்டியாவில் என்ன செய்யலாம்?

போக்கிமான் ஸ்கார்லெட், வயலெட் என்பவை ஸ்விட்ச் கருவியில் ஆடும் ஒரே விளையாட்டின் இரண்டு பதிப்புகள். பால்டியா என்ற கற்பனை நாட்டில் போக்கிமான் எனும் உயிர்களைப் பிடித்து, வளர்த்து, சண்டையில் இறக்குவதுதான் ஆட்டம். அதை முடித்த பிள்ளைகளிடம் கேட்டால் பெரும்பாலும் ஒரே பதில்தான் வருகிறது. "ஜிம் எட்டும் முடிச்சாச்சு, டைட்டன் அஞ்சும் முடிச்சாச்சு, டீம் ஸ்டாரையும் அடிச்சாச்சு, ஏரியா ஸீரோவுக்கும் போயிட்டு வந்தாச்சு. இனி அதுல என்ன இருக்கு?" கதையின் கட்டங்கள் இவ்வளவுதான் என்று கார்டைக் கழற்றி டப்பாவில் போட்டுவிடுகிறார்கள். எனக்கு மனசு கேட்கவில்லை. கதை நம்மை அந்த நாட்டுக்குள் கூட்டிக்கொண்டு போய் விடுகிறது, அவ்வளவுதான். அங்கே வாழும் 400 வகை உயிர்களில் பாதியைக்கூடக் கையில் எடுத்துப் பார்க்காமலே கதையை முடித்துவிட முடியும். மீதிப் பாதியைத் தேடிப் போவதற்குத்தான் கதைக்குப் பின்னால் வரும் காலம் இருக்கிறது.

நான் இருப்பது கோத்தகிரியில். தேயிலைத் தொழிற்சாலை ஒன்றில் கணக்கு எழுதுகிறேன். குன்னூரில் இருக்கும் அக்கா மகள் வயலெட் விளையாடுகிறாள், என்னிடம் இருப்பது ஸ்கார்லெட். ஐப்பசியில் வடகிழக்குப் பருவமழை பிடித்துக்கொண்டால் எங்கள் பக்கம் சாயங்காலம் ஐந்து மணிக்கே விளக்குப் போட வேண்டும். இருட்டிய பிறகு யாரும் வெளியே நடமாட மாட்டோம். தேயிலைக்குள் காட்டெருமை நிற்கும், சில நாள் கரடியும் வரும். மரம் விழுந்து மின்கம்பி அறுந்தால் கரன்ட் எப்போது வரும் என்று சொல்ல முடியாது, செல்போன் டவரும் கூடவே படுத்துவிடும். அப்படிப்பட்ட மாலைகளில் விளையாடித் தெரிந்துகொண்டதை எழுதுகிறேன். அதனால் இன்டர்நெட் இல்லாமல் என்னென்ன செய்யலாம் என்பது இதில் கொஞ்சம் கூடுதலாகவே இருக்கும்.

முதலில் ஜிம் எனப்படும் சண்டைக் கூடங்களை இன்னொரு சுற்று முடித்துவிடுங்கள். கதை முடிந்ததும் எட்டு ஜிம் தலைவர்களையும் மறுபடி போய்ப் பார்க்கச் சொல்லி போக்கிமான் லீக்கின் தலைவி கீட்டாவிடமிருந்து வேலை வரும். முன்பைவிடப் பலமாக இருப்பார்கள். எட்டுப் பேரையும் ஜெயித்தால் பள்ளியில் அகாடமி ஏஸ் டோர்னமென்ட் நடக்கும். அதை ஒரு தடவையாவது ஜெயித்தாக வேண்டும். பலமான ஒரு போக்கிமானை நான்கு பேராகச் சேர்ந்து எதிர்ப்பதுதான் டெரா ரெய்டு; அதில் கடினமான ஆறு நட்சத்திர ரெய்டுகளுக்கு வழி அதற்குப் பிறகுதான் திறக்கிறது. டோர்னமென்ட்டைத் திரும்பத் திரும்ப ஆடலாம், பரிசுப் பணமும் நன்றாக வரும். சண்டையில் இறங்கும் போக்கிமானிடம் அமுலெட் காயினைக் கொடுத்துவைத்தால் பணம் இரட்டிப்பாகும். பின்னால் போக்கிமானைப் பலப்படுத்தும் மின்ட், வைட்டமின், பாட்டில் கேப் என்று செலவு வரும்போது இந்தப் பணம்தான் கைகொடுக்கும். சரி, டோர்னமென்ட்டுக்கு இவ்வளவு போதும்.

அடுத்தது, அடைபட்டுக் கிடக்கும் நான்கு கதவுகள். வரலாற்று ஆசிரியை ரைஃபோர்ட்டின் வகுப்புகளை விடாமல் கேட்டவர்களுக்கு இந்தக் கதை தெரிந்திருக்கும். பழைய பால்டியா அரசன் ஒருவனிடம் கிழக்கிலிருந்து வந்த வியாபாரி நான்கு அரிய பொருள்களைக் கொண்டுவந்து சேர்க்கிறான்: மரப்பலகை ஏடு, வாள், பாத்திரம், மணிகள். மனிதர்களின் வன்மமும் வெறுப்பும் பயமும் பொறாமையும் அவற்றில் ஏறி, அவையே உயிர்பெற்று எழுந்து நாட்டை அழிக்கின்றன. அந்த நான்கும்தான் வோ-சியென், சியென்-பாவ், டிங்-லூ, சி-யூ. வகுப்புகளைத் தாண்டிப் போனவர்கள் இப்போது திரும்பிப் போய் உட்காருங்கள் என்றே சொல்வேன். கதை தெரிந்து அந்தக் கதவின் முன் நிற்பதற்கும் சும்மா நிற்பதற்கும் நிறைய வித்தியாசம் இருக்கிறது.

கதவைத் திறக்க, பால்டியா முழுக்கத் தரையில் குத்தி நிறுத்தியிருக்கும் முளைகளைப் பிடுங்க வேண்டும். ஊதா, மஞ்சள், பச்சை, நீலம் என்று நான்கு நிறம். நிறத்துக்கு எட்டு, மொத்தம் 32. கதை முடியும் முன்பே பிடுங்க ஆரம்பிக்கலாம். ஆனால் நாம் சவாரி செய்யும் கொரைடனோ மிரைடனோ நீந்தவும் மிதந்து இறங்கவும் பாறை ஏறவும் கற்றுக்கொண்ட பிறகு போனால் அலைச்சல் இல்லை. இடங்களைக் காட்டும் வரைபடங்கள் நிறையக் கிடைக்கின்றன. ஆரம்பத்திலேயே அவற்றைத் திறக்க வேண்டாம் என்பது என் கருத்து. பாதி முளைகள் வரை கண்ணாலேயே தேடுங்கள். மலையில் வளர்ந்தவர்களுக்குச் சரிவைப் பார்த்ததும் ஒற்றையடிப் பாதை எங்கே ஏறும், எங்கே கால் வைக்க இடம் இருக்கும் என்று கண் தானாகப் போகும். அந்தப் பழக்கம் கிளாசியாடோ பனிமலையிலும் அப்படியே செல்லுபடியாகிறது. பாறை விளிம்பு, நீர்வீழ்ச்சிக்குப் பக்கம், உடைந்த சுவரின் மேல் என்று யாரும் சும்மா போக மாட்டார்கள் என்று தோன்றுகிற இடத்துக்குப் போய்ப் பாருங்கள். கடைசியில் இரண்டு மூன்று அகப்படாமல் நின்றால் அப்போது வரைபடத்தைப் பார்த்துக்கொள்ளலாம்.

நான்கும் லெவல் 60, நான்கும் டார்க் வகை. கதவைத் தொடும் முன் சேவ் செய்யுங்கள். உயிரை ஒரே ஒரு புள்ளியில் நிறுத்தும் ஃபால்ஸ் ஸ்வைப் தெரிந்த போக்கிமான் ஒன்று அவசியம். என்னிடம் அதற்கு கல்லேட் இருந்தது. ஃபால்ஸ் ஸ்வைப், தூங்க வைக்கும் ஹிப்னாசிஸ், மரத்துப்போக வைக்கும் தண்டர் வேவ் மூன்றும் அதற்கு வரும். ஆனால் டிங்-லூ கிரவுண்ட் வகையும் சேர்ந்தது என்பதால் தண்டர் வேவ் ஒட்டாது. வோ-சியென் புல் வகை, அதனிடம் தூங்க வைக்கும் ஸ்போர் பலிக்காது. போக்கிமானைப் பிடிக்கும் பந்துகளில் குயிக் பாலை முதல் முறையிலேயே வீசிப் பாருங்கள். அது தவறினால் பொறுமையாகச் சண்டையை இழுத்துக்கொண்டே போய் டைமர் பால் போடுவது நல்ல வழி. சண்டை நீள நீள டைமர் பாலின் பிடி இறுகும்.

இனி முக்கியமான விஷயத்துக்கு வருகிறேன். கதைக்குப் பிறகு ஒரே ஒரு வேலைதான் செய்வேன் என்று சொல்பவர்கள், போக்கிடெக்ஸை, அதாவது பிடித்த போக்கிமான்களின் பட்டியலை, நிரப்புங்கள். இது சலிப்பான வேலை என்று பலர் நினைக்கிறார்கள். சண்டையில் ஜெயிக்க ஆறு போக்கிமான் போதும், அந்த ஆறையும் கதை முடிவதற்குள் நன்றாகப் பழகியிருப்போம். டெக்ஸை நிரப்ப வேண்டும் என்று இறங்கினால், ஒவ்வொன்றும் எங்கே இருக்கும், பகலில் வருமா இரவில் வருமா, எதைச் செய்தால் அடுத்த உருவத்துக்கு மாறும் என்று தெரிந்துகொள்ள வேண்டியிருக்கும். அதைவிட முக்கியம், எவ்வளவு கெட்டிக்காரராக இருந்தாலும் தனியாளாக அதை முடிக்க முடியாது. இன்னொரு ஆளைத் தேடிப் போயே ஆக வேண்டும். அதனால்தான் எனக்கு இந்த வேலை இவ்வளவு பிடித்துப்போனது.

பெட்டிகளை அடுக்குவதிலிருந்து ஆரம்பியுங்கள். ஒரு பெட்டியில் 30 போக்கிமான் கொள்ளும். எண் வரிசைப்படி அடுக்கிக்கொண்டே போனால் 13 பெட்டிகள் நிறைந்து பதினான்காவதில் பத்து நிற்கும். கடைசி இரண்டும் 399 கொரைடன், 400 மிரைடன். டெக்ஸ் நிறைவதற்கு ஒவ்வொன்றையும் பெட்டியில் வைத்திருக்க வேண்டும் என்பதில்லை. ஒரு முறை நம் கைக்கு வந்திருந்தால் போதும். பிறகு உருமாறினாலும், யாருக்காவது கொடுத்துவிட்டாலும் கணக்கில் நிற்கும். இருந்தாலும் அடுக்கிவைப்பதில் ஒரு பயன் உண்டு. எது இல்லை என்பது காலி இடமாகவே கண்ணில் படும்.

இதற்குப் பழைய பேரேட்டு நோட்டு ஒன்றை எடுத்துக்கொண்டேன். எண், பெயர், கிடைக்கும் இடம், மாறும் வழி, கடைசியாக 'யாரிடம்' என்று ஐந்து பத்தி. கடைசிப் பத்திதான் உயிர்நாடி. தானாகப் பிடிக்க முடியாதவற்றுக்கு நேரே, யாரிடமிருந்து வர வேண்டும், பதிலுக்கு நான் என்ன கொடுக்க வேண்டும் என்று பென்சிலால் எழுதிவைத்தேன். வந்து சேர்ந்ததும் பேனாவால் டிக். ஃபோனிலும் இதைச் செய்யலாம்தான். ஆனால் டேபிளில் நோட்டு விரிந்து கிடந்தால் வீட்டுக்கு வருகிற பிள்ளைகளும் எட்டிப் பார்த்து, "இது எங்கிட்ட இருக்கு" என்று சொல்வார்கள். அப்படித்தான் எங்களுக்கு ஆள் சேர்ந்தது.

'மாறும் வழி' பத்தியில் எழுதியவை எல்லாமே சுவாரசியம். பாமோவை பந்துக்குள் வைத்திருந்தால் எந்தக் காலத்திலும் மாறாது. ஆர் பட்டனை அழுத்தி வெளியே விட்டு, கூடவே 1000 அடி நடக்க வைத்து, அதற்குப் பிறகு ஒரு லெவல் ஏற்ற வேண்டும். பிராம்ப்ளினும் ரெல்லரும் இதே வகை. பிரைமேப் 'ரேஜ் ஃபிஸ்ட்' என்ற அடியை 20 தடவை அடித்திருக்க வேண்டும். பிஷார்ப்பிடம் லீடர்ஸ் கிரெஸ்டைக் கொடுத்து, அதேபோல் கிரெஸ்ட் வைத்துக்கொண்டு பானியார்ட் கூட்டத்தை மேய்க்கும் வேறு மூன்று பிஷார்ப்களை அது தோற்கடிக்க வேண்டும்; அப்போதுதான் கிங்காம்பிட்டாகத் தலையெடுக்கும். கிம்மிகூலுக்கு 999 காசுகள். காவல் கோபுரங்களின் உச்சியில் பெட்டிக்குள் இருக்கும் கிம்மிகூலைப் பிடித்தால் மொத்தமாகக் காசு சேரும். வழியில் ஓடித் திரியும் சின்னதுகள் கொஞ்சம் கொஞ்சமாகத்தான் கொடுக்கும். இவற்றில் எதையும் லெவலை மட்டும் ஏற்றிக்கொண்டே போகிறவர்கள் தற்செயலாகக்கூடக் கண்டுபிடிக்க மாட்டார்கள்.

'யாரிடம்' பத்தியில் முதலில் வருபவை ஒரு பதிப்பில் மட்டுமே கிடைப்பவை. ஸ்கார்லெட்டில் லார்விட்டார், டீனோ, டிரிஃப்ளூன், ஸ்டோன்ஜர்னர் கிடைக்கும். வயலெட்டில் பேகன், ட்ரீப்பி, மிஸ்ட்ரீவஸ், ஐஸ்க்யூ. அடுத்து, கை மாறினால்தான் உருமாறுபவை: ஹாண்டர் கெங்காராக, மெட்டல் கோட் வைத்திருக்கும் சைதர் சிஸராக, கிங்ஸ் ராக் வைத்திருக்கும் ஸ்லோபோக் ஸ்லோகிங்காக. இவற்றைக் கொடுத்துவிட்டு அப்படியே திருப்பி வாங்கிக்கொள்ளலாம், எதிராளிக்கும் டெக்ஸில் ஏறிவிடும். மூன்றாவது, ஆரம்பத்தில் எடுக்காமல் விட்ட போக்கிமான்கள். நான் ஃப்யூகோகோ எடுத்திருந்தேன், அக்கா மகள் ஸ்ப்ரிகடிட்டோ. க்வாக்ஸ்லி வெலிங்டனில் இருக்கும் அவள் வகுப்புத் தோழியிடம் இருந்தது. பெரும்பாலான வகைகளோடு ஜோடி சேரும் டிட்டோவை ஆளுக்கொன்று சேர்த்து பிக்னிக் விரித்து முட்டை எடுத்தோம். பிக்னிக் மேசைக்குப் பக்கத்தில் இருக்கும் கூடையைச் சற்று நேரத்துக்கு ஒரு தரம் திறந்து பார்த்தால் முட்டை இருக்கும். குஞ்சு பொரித்து மாற்றிக்கொண்டதும் மூன்று வீட்டிலும் மூன்று குடும்பமும் வந்துவிட்டன.

ட்ரேடு செய்ய இன்டர்நெட்டோ சந்தாவோ வேண்டும் என்று நினைத்துக்கொண்டு பலர் இந்தப் பக்கமே வருவதில்லை. பக்கத்தில் பக்கத்தில் உட்கார்ந்தால் எதுவும் வேண்டாம். விளையாட்டின் மெனுவில் இருக்கும் போக்கி போர்ட்டலைத் திறந்து, ஆன்லைனுக்குப் போகாமல் அப்படியே இருந்து, இருவரும் ஒரே லிங்க் கோடைப் போட்டால் இரண்டு கருவிகளும் ஒன்றையொன்று கண்டுகொள்ளும். ரெய்டும் அப்படியே சேர்ந்து ஆடலாம். மலையில் டவர் இல்லாத நாளிலும் இது வேலை செய்யும். நாங்கள் ஞாயிற்றுக்கிழமைகளில் வைத்துக்கொள்வோம். கட்டபெட்டு வழியாகக் குன்னூர் பஸ் பிடித்தால் மதியச் சாப்பாட்டுக்குள் அக்கா வீடு போய்விடலாம். திரும்பும்போது மட்டும் பொழுதோடு கிளம்பிவிட வேண்டும்.

அந்த ஞாயிறுகளில் ஒன்றை விவரமாகச் சொல்ல வேண்டும், ஃபினிசனுக்காக. கடலில் நீந்தும் டால்பின் போன்ற போக்கிமான் அது. அது பலாஃபினாக மாற லெவல் 38 ஆனால் மட்டும் போதாது. பல பேர் ஒரே உலகில் சேர்ந்து உலவும் யூனியன் சர்க்கிளில் இன்னொரு ஆளும் கூட இருக்கும்போது லெவல் ஏற வேண்டும். அக்கா மகள் கடற்கரை ஒன்றில் நின்று கூட்டத்தை ஆரம்பித்தாள், நான் அவள் உலகத்துக்குள் போனேன். என்னுடைய ஆள் அவள் திரையில் ஓடி வருவதைப் பார்த்துவிட்டு, கையில் இருந்த வர்க்கியைத் தட்டில் போட்டுவிட்டு நிமிர்ந்து உட்கார்ந்தாள். லெவல் 37-ல் நிறுத்திவைத்திருந்த ஃபினிசனை இறக்கி, கரையில் திரிந்த ஒன்றோடு சண்டை போட்டாள். சண்டை முடிந்தது, திரை வெளுத்தது, உருமாற்றம் நடந்தது. பார்த்தால் அதே டால்பின்.

"ஒண்ணுமே மாறலையே சித்தி. முன்னாடி இருந்த மாதிரியேதான் இருக்கு."

நன்றாக உற்றுப் பார்த்தால் மார்பில் இதய வடிவக் குறி ஒன்று வந்திருக்கும், அவ்வளவுதான் வித்தியாசம். "அடுத்த சண்டையில இதை இறக்கு கண்ணு. உடனே வெளியே எடுத்துட்டு வேற ஒண்ணை அனுப்பு. அப்புறம் மறுபடி இதையே கூப்பிடு" என்றேன். சொன்னபடி செய்தாள். உள்ளே போன டால்பின் திரும்பி வரும்போது தோள் விரிந்து, நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு நின்றது. சண்டை நடுவே ஒரு தரம் விலகிப் போய்த் திரும்பினால்தான் பலாஃபின் அந்த உருவத்தைக் காட்டும். அவள் போட்ட சத்தத்தில் அக்கா அடுப்படியிலிருந்து கரண்டியோடு வந்துவிட்டாள். அன்று முழுக்க எல்லாருக்கும் அதையே திரும்பத் திரும்பச் செய்து காட்டினாள்.

ஒரு ஆள் இல்லாமல் வளராத போக்கிமானை யாரோ உட்கார்ந்து யோசித்து வைத்திருக்கிறார்கள். இது இந்தத் தொடரின் ஆரம்பத்திலிருந்தே இருப்பதுதான். போக்கிமானை உருவாக்கிய சதோஷி தாஜிரி, டோக்கியோவை ஒட்டிய மாச்சிடாவில் பூச்சி பிடித்துத் திரிந்த சிறுவன். வயலும் குளமும் கட்டடங்களாக மாறிப்போனதைப் பார்த்து வளர்ந்தவர். இரண்டு கேம் பாய்களை இணைக்கும் கேபிளைப் பார்த்தபோது, அதன் வழியே ஒரு கருவியிலிருந்து இன்னொன்றுக்குப் பூச்சி ஊர்ந்து போவதாக அவருக்குத் தோன்றியது. அந்த எண்ணம்தான் 1996 பிப்ரவரி 27-ல் ஜப்பானில் ரெட், கிரீன் என்று இரண்டு பதிப்புகளாக வெளிவந்தது. இரண்டில் ஒன்றை மட்டும் வைத்துக்கொண்டு எல்லாவற்றையும் பிடிக்க முடியாதபடி அன்றைக்கே செய்துவிட்டார்கள். இத்தனை வருடம் கழித்துக் குன்னூர் வீட்டுக் கூடத்தில் நாங்கள் செய்ததும் அதே மாற்றல்தான், கேபிள் மட்டும் இல்லை.

இதைச் சொன்ன பிறகு அக்கா மகள் தனக்கென்று வேறு ஒரு நோட்டைத் தொடங்கியிருக்கிறாள். வேலியில் வந்து உட்காரும் நீலகிரி ஈப்பிடிப்பான், மாலையில் விளக்கைச் சுற்றும் அந்துப்பூச்சிகள், சிம்ஸ் பூங்காவில் பார்த்த பட்டாம்பூச்சிகள் எல்லாம் அதில் இருக்கின்றன. தேதி, இடம், மழையா வெயிலா என்று அதே பத்திகள். 2019-ல் மாநிலப் பட்டாம்பூச்சியாக அறிவிக்கப்பட்ட தமிழ் மறவனுக்கு ஒரு பக்கத்தைக் காலியாக விட்டிருக்கிறாள். விளையாட்டை நேரம் தின்கிற வேலை என்று மட்டும் பார்க்கிற பெற்றோர்களுக்காகவே இதைச் சொல்கிறேன்.

400-ம் நிறைந்ததும் பள்ளியில் உயிரியல் ஆசிரியர் ஜாக்கிடம் போங்கள். ஷைனி சார்ம் கொடுப்பார். நிறம் மாறிப் பிறக்கும் ஷைனி போக்கிமானைத் தேட நினைப்பவர்கள் டெக்ஸை முடித்துவிட்டு இறங்கினால் நல்லது என்று சொல்வதற்குக் காரணம் இந்தச் சார்ம்தான். சாதாரணமாக ஒரு போக்கிமான் ஷைனியாக இருக்க 4096-ல் ஒரு வாய்ப்பு. சார்ம் கையில் இருந்தால் ஏறக்குறைய 1365-ல் ஒன்று. மாஸ் அவுட்பிரேக் என்று ஒரே வகை கும்பலாக வந்திருக்கும் இடத்தில் 60-ஐத் தோற்கடித்த பிறகு, சார்மும் சேர்ந்தால், சுமார் 819-ல் ஒன்று. அதோடு மூன்றாம் நிலை ஸ்பார்க்ளிங் பவர் தரும் சாண்ட்விச்சையும் சாப்பிட்டுவிட்டு நின்றால் சுமார் 512-ல் ஒன்று. அந்த சாண்ட்விச்சுக்கு ஹெர்பா மிஸ்டிகா என்ற பொருள் வேண்டும். அது ஐந்து, ஆறு நட்சத்திர ரெய்டுகளில்தான் கிடைக்கும், எளிதில் கிடைக்காது. அதனால் ஒரு வழி: முதலில் 60-ஐத் தோற்கடித்து முடியுங்கள். பிறகு சேவ் செய்யுங்கள். அதன் பிறகு சாண்ட்விச் சாப்பிடுங்கள். அதன் பலன் அரை மணி நேரம். அதற்குள் ஒன்றும் அகப்படவில்லை என்றால் சேவ் செய்யாமல் மூடிவிட்டுத் திறந்தால் ஹெர்பா உங்களிடமே இருக்கும். நள்ளிரவில் தேதி மாறும்போது அவுட்பிரேக்குகளும் மாறிவிடும், அதைக் கணக்கில் வைத்துக்கொண்டு உட்காருங்கள்.

கண்ணால் கண்டுபிடிப்பதுதான் இதில் சிரமம். ஸ்கார்லெட், வயலெட்டில் ஷைனி எதிரே நின்றாலும் சத்தம் வராது, மின்னாது. நிறத்தை மட்டும் வைத்துத்தான் தெரிந்துகொள்ள வேண்டும். நிறம் பளிச்சென்று மாறும் வகை என்றால் சரி. சாயல் லேசாக மட்டும் மாறும் வகைகளில், அதுவும் அந்தி நேரத்திலோ பனி பெய்யும்போதோ, பக்கத்தில் போய்ப் பார்த்தாலும் சந்தேகமாகவே இருக்கும். அப்போது ஆர் பட்டனை அழுத்தி உங்கள் போக்கிமானை அதன் மேல் அனுப்பிப் பாருங்கள். மற்றவற்றை அடித்துவிட்டு வரும் உங்கள் போக்கிமான், ஷைனி என்றால் அடிக்க மறுத்துத் தயங்கி நிற்கும். நீங்கள் பார்க்கத் தவறியதை அது பார்த்துவிடும். கூட்டத்தைப் புதிதாக வரவழைக்க பிக்னிக்கை விரித்து உடனே சுருட்டினால் போதும். இரவில் நெடுநேரம் இதையே செய்துகொண்டிருந்தால் கண் பூத்துவிடும், எல்லாமே ஷைனி போலத் தெரியும். கொஞ்சம் எழுந்து நடந்துவிட்டு வந்து உட்காருங்கள்.

போட்டிகளுக்குத் தயாராக விரும்புகிறவர்களுக்கு மட்டும் சுருக்கமாக. முட்டை முட்டையாகப் பொரித்து நல்லதைத் தேடுகிற பழைய சிரமம் இப்போது அவ்வளவு இல்லை. லெவல் 50-ஐ எட்டிய போக்கிமானை மான்டெனெவெராவுக்குக் கூட்டிப் போனால் பாட்டில் கேப் வாங்கிக்கொண்டு ஐ.வி. என்ற பிறவித் திறன் அளவைச் சரிசெய்து தருவார்கள். நேச்சர் என்ற பிறவிக் குணத்தின் பலனை மாற்ற மின்ட். பயிற்சியால் சேரும் ஈ.வி. புள்ளிகள் மொத்தம் 510, ஒரு திறனுக்கு அதிகபட்சம் 252. வைட்டமின் ஒன்று 10 சேர்க்கும் என்பதால் ஒரு திறனை முழுதாக நிரப்ப 26 தேவைப்படும். வைட்டமின் ஒன்று 10,000, மின்ட்டும் கேப்பும் 20,000. டோர்னமென்ட் பணத்தைச் சேர்த்துவைக்கச் சொன்னது இதற்குத்தான். சண்டையில் பளிங்குபோல் மாறும்போது போக்கிமான் எடுக்கும் டெரா வகையை மாற்ற மெடாலியில் இருக்கும் சாப்பாட்டுக் கடையில் 50 டெரா ஷார்டு கொடுக்க வேண்டும். எனக்குப் போட்டியில் அவ்வளவு நாட்டம் இல்லை, ஆனால் ஆறு நட்சத்திர ரெய்டுக்கு இப்படி வளர்த்த போக்கிமான் ஒன்றிரண்டாவது வேண்டும். ரெய்டில் ஜெயித்தால் எந்தப் பந்தை வீசினாலும் பிடிபடும். அதனால் விலை உயர்ந்த பந்தை வீணாக்காமல் பார்க்க அழகாக இருக்கும் பந்தைப் போடுங்கள்.

மலையில் இருப்பவர்கள் கருவியைப் பற்றியும் கொஞ்சம் யோசிக்க வேண்டும். எங்கள் ஊரில் மழைக்காலம் முழுக்க ஈரம்தான். அலமாரியில் மடித்து வைத்த துணியே பூஞ்சை பிடிக்கும்போது கார்டும் கருவியும் மட்டும் தப்பிக்குமா? மூடி இறுக்கமாக இருக்கும் டப்பா ஒன்றில் சிலிக்கா ஜெல் பொட்டலங்களோடு வைக்கிறேன். பொட்டலங்களை வெயில் அடிக்கும் நாளில் எடுத்துக் காயவைத்துவிட்டுத் திரும்பப் போடுவேன். மார்கழி, தை குளிரில் பஸ்ஸில் கொண்டுவந்த கருவியை, அடுப்பு எரிகிற சூடான அறைக்குள் வந்ததும் உடனே போட வேண்டாம். கண்ணாடியில் ஆவி படிவதைப் பார்த்திருப்பீர்கள், அதேதான் கருவிக்கு உள்ளேயும் நடக்கும். பையிலேயே கொஞ்ச நேரம் விட்டு, அறையின் சூட்டுக்கு வந்த பிறகு திறங்கள். குளிரில் பேட்டரியும் சீக்கிரம் இறங்கும். கரன்ட் போகும் காலத்தில் பவர் பேங்கை எப்போதும் நிரப்பி வைத்திருங்கள். இடி மின்னல் நேரத்தில் சார்ஜரில் போட்டபடி விளையாட வேண்டாம்.

வீட்டில் இன்னொருவர் விளையாட ஆசைப்பட்டால் உங்கள் சேவை அழிக்க வேண்டியதில்லை. இந்த விளையாட்டில் ஒரு யூசருக்கு ஒரு சேவ்தான். ஸ்விட்ச்சில் புது யூசர் ஒன்று உருவாக்கிக்கொடுத்தால் அதே கார்டில் அவர்கள் முதலிலிருந்து தொடங்கலாம், உங்களுடைய 400 பத்திரமாக இருக்கும்.

இவ்வளவும் ஆன பிறகுதான் காசு கொடுத்து வாங்கும் கூடுதல் பகுதியான டி.எல்.சி.யைப் பற்றி யோசிக்க வேண்டும். அதில் இரண்டு பாகங்கள்: 2023 செப்டம்பரில் வந்த டீல் மாஸ்க், டிசம்பரில் வந்த இண்டிகோ டிஸ்க். ஸ்கார்லெட்டுக்கு வேறு, வயலெட்டுக்கு வேறு என்பதால் வாங்கும்போது பதிப்பைச் சரிபார்த்துக்கொள்ளுங்கள். இறக்கிக்கொள்ள நல்ல நெட் வேண்டும், அதை மழைக்கு முன்னாலேயே செய்துவிடுவது நல்லது. இண்டிகோ டிஸ்க்குக்குள் போக முதன்மைக் கதையும் டீல் மாஸ்க் கதையும் முடிந்திருக்க வேண்டும். டீல் மாஸ்க்கில் வரும் கிட்டாகாமியில் 200 வகை, இண்டிகோ டிஸ்க்கில் வரும் ப்ளூபெர்ரியில் 243. நாங்கள் இப்போது கிட்டாகாமியில் இருக்கிறோம். பேரேட்டு நோட்டில் புதுப் பக்கம் போட்டு முதல் நூறை அக்கா மகளும் அடுத்த நூறை நானும் பிரித்துக்கொண்டிருக்கிறோம். வெலிங்டன் தோழிக்கும் ஒரு பத்தி ஒதுக்கியாகிவிட்டது.